முள் இல்லாத களாக்காய்

மேட்டுப்பட்டி இன்னாசியம்மாளுக்குச் சொந்தமாக ஒரு தொட்டிச் செடிகூடக் கிடையாது. ஆனால் திண்டுக்கல்லில் எந்தப் பங்களாவில் எது எப்போது காய்க்கும் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவாள். வக்கீல் வீட்டு வாசற்படியில் வரிசையாக நிற்கிற தொட்டிகளில் குட்டி ஆரஞ்சு மார்கழியில் மஞ்சளாகும். ரயில்வே அதிகாரி வீட்டில் அழகுக்கு வைத்த ஊதா மிளகாய் தையில் சிவக்கும். மில் முதலாளியின் புல்தரை ஓரத்து அரைநெல்லி சித்திரையில் கொட்டும். வைத்தவர்கள் யாரும் அவற்றைத் தின்பதற்காக வைக்கவில்லை. வருகிற விருந்தாளிகள் பார்த்து "அடடா" என்று சொல்வதற்காக வைத்தார்கள். சொல்லிவிட்டு அவர்கள் போன பிறகு காய்கள் உதிரும், எறும்பு மொய்க்கும், தோட்டக்காரன் விளக்குமாற்றால் தள்ளுவான். கோடையில் இந்த ஊரில் ஒரு குடம் தண்ணீருக்காகத் தலைமுடியைப் பிடித்து இழுத்துச் சண்டை நடக்கும். அப்போதும் பங்களா குரோட்டன்ஸுக்கு மட்டும் தண்ணீர் தவறாது.

"காசு குடுத்து வாங்கி, ஆளு வச்சுத் தண்ணி ஊத்தி வளத்து, காயை எறும்புக்கு விடுறாக. கேட்டா அழகுக்காம். அழகைக் கரைச்சுக் குடிக்கவா முடியும்?" என்பாள் இன்னாசியம்மாள்.

அவள் பின்வாசல் வழியாகப் போவாள். சமையல்காரியையோ தோட்டக்காரனையோ கூப்பிட்டுப் பேச்சுக் கொடுப்பாள். போகும்போது மடியும் பையும் நிறைந்திருக்கும். சில வாரம் கழித்து அதே பின்வாசலில் ஒரு பாட்டில் ஊறுகாய் வந்து சேரும். வீட்டுக்கார அம்மா தொட்டு நக்கிவிட்டு, "இது என்னது, இவ்வளவு நல்லாயிருக்கு?" என்று கேட்பாள். தன் வாசலில் காய்த்தது என்றால் நம்பமாட்டாள். மீதி ஊறுகாய் தெருத் தெருவாக விற்றுப் போகும். இப்படித்தான் அந்தக் குடும்பத்தில் அடுப்பு எரிந்தது.

கசப்பு எடுப்பதில் அவளை அடித்துக்கொள்ள ஆள் இல்லை. நார்த்தங்காய், கிடாரங்காய், தொட்டியில் வளர்ந்த பெயர் தெரியாத எலுமிச்சை ஜாதிகள், எது கையில் வந்தாலும் சரி. கல் உப்பு, வெயில், பொறுமை. உப்புத் தண்ணீரில் ஊறப்போட்டு, தண்ணீரை மாற்றி, மறுபடி ஊறப்போட்டு, வெயிலில் காட்டி, கசப்பு முழுசாகப் போய்விடாமல் அடித்தொண்டையில் லேசாக நிற்கிற இடத்தில் நிறுத்துவாள். அந்த இடம் எது என்று அவளுக்குத்தான் தெரியும். சின்ன வயதில் தாய் செத்துப்போய், புகையிலைக் கிட்டங்கியில் கூலிக்குப் போன தகப்பனுக்கும் தம்பிகளுக்கும் பொங்கிப் போட்டவள். சந்தை முடிந்து கழித்துப்போட்ட காய்களில் சமைத்துப் பழகினவள். கசக்கிறது என்று ஒரு காயைத் தூக்கிப்போடுகிறவர்களைக் கண்டால் அவளுக்கு ஆகாது. "கசக்குதுன்னு எறியுறவ சோம்பேறி. ரெண்டு நாள் பொறுத்தா அதுவும் வழிக்கு வந்துரும்" என்பாள். இந்தப் பேச்சை ஊரே கேட்டிருக்கிறது.

புருசன் ஸ்தனிஸ்லாஸ் வெங்காய மண்டியில் மூட்டை தூக்குகிறவர். நல்ல உடம்பு, நல்ல மனுசன், குடி மட்டும் உண்டு. சாராயக்கடை திறந்த நாளிலிருந்து கூலியில் பாதி அங்கேதான். குடித்துவிட்டு வந்தால் அடிக்கமாட்டார், திட்டமாட்டார். பின்பக்கம் வேப்பமரத்தடியில் கயிற்றுக் கட்டிலில் படுத்துக்கொண்டு வாந்தி எடுப்பார். அதைக் கழுவி விடுவது இன்னாசியம்மாளின் வேலை. கழுவும்போது அவள் பேசுகிற பேச்சு தெருக்கோடி வரைக்கும் கேட்கும்.

ஆனாலும் எந்த ஜாடியைத் திறந்தாலும் முதல் கரண்டி அவருக்குத்தான். கல்யாணமான புதிதில் தொடங்கிய வழக்கம் அது. அவர் பழைய சோற்றோடு தின்று பார்த்துச் சரி என்று தலையாட்டாமல் ஒரு ஜாடிகூட வாசலைத் தாண்டியதில்லை. "பீடியிலயும் சாராயத்துலயும் வெந்த நாக்கு. அதுக்கே ருசிச்சா யாருக்குத்தான் ருசிக்காது?" என்று கேலி பேசுவாள். உள்ளுக்குள் அந்தத் தலையாட்டலுக்காகவே காத்திருப்பாள்.

ஒரே மகள் சகாயராணி. வடமதுரையில் கட்டிக்கொடுத்து ஆறு வருசம். இரண்டு பிள்ளைகள் வயிற்றிலேயே தங்காமல் போயின. இரண்டாவது போனபோது ராணி ஒரு மாதம் யாரோடும் பேசவில்லை. மாமியார் நல்லவள்தான், ஆனாலும் அக்கம்பக்கத்து வாய்களை அடைக்க முடியுமா? மூன்றாவது நின்று, ஏழாம் மாதம் வளையல் போட்டு ராணியை மேட்டுப்பட்டிக்கு அழைத்து வந்தார்கள். எண்பத்து நாலாம் வருசம், தவக்காலம் தொடங்கிய சமயம். விபூதிப் புதனன்று கோயிலுக்குப் போய் வந்த ஸ்தனிஸ்லாஸ் மகள் தலையில் கை வைத்து, "இந்தப் புள்ள கையிக்கு வார வரைக்கும் நான் தண்ணியத் தொடமாட்டேன் தாயி" என்றார்.

இன்னாசியம்மாள் சிரித்துவிட்டாள். ஆனால் மனுசன் வாக்கைக் காப்பாற்றினார். மண்டியிலிருந்து நேரே வீட்டுக்கு வந்தார். கை நடுங்கியது, ராத்திரி வேர்த்தது, எல்லாவற்றையும் பல்லைக் கடித்துப் பொறுத்துக்கொண்டார். பசி மட்டும் இரண்டு மடங்காயிற்று. இன்னாசியம்மாள் யாரிடமும் சொல்லாமல் சந்தோசப்பட்டாள். சொன்னால் கண் பட்டுவிடும் என்று பயம். அவளுக்கு இப்போது வேண்டியது ஒன்றே ஒன்று. இந்தப் பிள்ளை நிற்க வேண்டும். தன் வீட்டில் பிறந்து, தன் கையில் வளர வேண்டும். மற்றதெல்லாம் ஆண்டவர் பார்த்துக்கொள்ளட்டும்.

ராணிக்கு எதையும் தின்னப் பிடிக்கவில்லை. சோற்றைக் கண்டால் குமட்டியது. கேட்டது ஒன்றுதான்.

"களாக்காய் ஊறுகாய் இருக்காம்மா? அந்தச் சாயபு வீட்டுக் களா. சின்னப்புள்ளையில திம்பேனே, அது."

சாயபு வீடு என்றால் தோல் வியாபாரி நைனா முகமதுவின் பங்களா. முன்னால் யாரோ வெள்ளைக்காரன் கட்டியது. சுற்றுச்சுவர் ஓரமாக ஆள் உயரத்துக்குக் களா வேலி ஒன்று இருந்தது. பளபளவென்று இலை, மல்லிகை மாதிரி வெள்ளைப் பூ, அதற்குள் ஊசி ஊசியாக முள். பச்சைக் காயைக் கிள்ளினால் பால் வடியும். இன்னாசியம்மாளின் முன்னங்கைத் தழும்பெல்லாம் அந்த வேலி போட்டதுதான். இரண்டு வருசத்துக்கு முன்னால் சாயபுவின் பேரன் ஒருவன் அதில் விழுந்து கண்ணோரம் கிழித்துக்கொண்டான். நைனா முகமது அன்றைக்கே வேலியைத் தோண்டி எறியச் சொல்லிவிட்டார். அந்த இடத்தில் மலையிலிருந்து வேறு செடி கொண்டுவந்து வைத்தார்கள். அதற்குப் பிறகு இன்னாசியம்மாள் அந்தப் பக்கம் போகவில்லை. அவளுக்கு அது எழவு வீடு மாதிரி இருந்தது.

மகள் கேட்டதும் போனாள். சிறுமலை அடிவாரத்தில் களா உண்டு. ஆனால் அந்த வருசம் அங்கே பூவே பிந்திவிட்டது. பங்களா ஆட்களிடம் பழைய ஊறுகாய் ஏதாவது மிச்சம் இருக்குமா என்று கேட்கத்தான் போனாள். பின்வாசலில் நுழைந்தவள் அப்படியே நின்றுவிட்டாள்.

வேலி முழுக்கக் காய். அதே பளபளப்பு இலை. அதே வாசனையில் கடைசிப் பூக்கள் ஒன்றிரண்டு. அதே முட்டை வடிவப் பச்சைக் காய். கிட்டே போய் இலையைப் புரட்டிப் பார்த்தாள். முள் மட்டும் இல்லை. ஒன்றைக் கிள்ளினாள். பால் வடிந்தது.

தோட்டக்காரன் பெரியகருப்பன் மண்வெட்டியோடு வந்தான்.

"என்னக்கா, ரெண்டு வருசமா ஆளையே காணோம்?"

"ஏப்பா, இது என்ன செடி? களாவா?"

"பேரு என்னமோ சொன்னாக, வாயில நொழையல. பூ வாசனைக்கு வச்சது. இந்த வருசந்தான் மொதல்ல காய்க்குது. களா மாதிரிதான் இருக்கு. முள்ளில்லாத சாதியோ என்னமோ."

"யாரும் தின்னு பாத்தீகளா?"

"இதை யாரு திங்கப் போறா? காக்கா குருவிகூட வரல."

அந்தப் பேச்சை அவள் காதில் வாங்கியிருக்க வேண்டும். வாங்கவில்லை. காக்காய் தொடாத காயை ஊறுகாய் போட்டே பேர் வாங்கினவள் அவள். ஒரு காயின் ஓரத்தைக் கடித்தாள். நாக்கில் கசப்பு ஏறியது. நார்த்தங்காய்க் கசப்பு இல்லை இது. நாக்கின் வேருக்கே போய் உட்கார்ந்துகொள்கிற கசப்பு. துப்பினாள், மறுபடி துப்பினாள். வேறு யாராக இருந்தாலும் அந்த இடத்திலேயே திரும்பிப் போயிருப்பார்கள். கசக்கிறது என்றால் தின்னாதே என்று நாக்கு சொல்லுகிறது, அவ்வளவுதானே? ஆனால் இன்னாசியம்மாள் நாக்கின் பேச்சை மீறி மீறியே வாழ்ந்தவள். கசப்பு என்றால் அவளுக்கு எச்சரிக்கை இல்லை, வேலை.

"கன்னிக் காய்ப்புல்ல, அதான் கசக்குது" என்று சொன்னாள். "உப்புல போட்டா எறங்கிரும்."

"என்னமோக்கா, பாத்துச் செய்யுங்க" என்றான் பெரியகருப்பன். பை நிறையப் பறித்துக்கொண்டாள். கையில் ஒரு கீறல் விழவில்லை. முள்ளில்லாமல் களா பறிப்பது எவ்வளவு சுகம் என்று வழியெல்லாம் நினைத்துக்கொண்டு வந்தாள்.

உப்புத் தண்ணீரை மாற்றி மாற்றி ஊறப்போட்டாள். வழக்கத்தைவிட அதிகம் மாற்றினாள். கசப்பு இறங்கத்தான் செய்தது. தொட்டு நக்கிப் பார்த்தபோது நாக்கு லேசாக மரத்துப்போனது. உப்பு கூடிவிட்டது என்று நினைத்தாள். நல்லெண்ணெய் காய்ச்சி, வத்தல்பொடியும் வெந்தயமும் வறுத்துப் போட்டு, பீங்கான் ஜாடியில் அமுக்கித் துணி கட்டி வைத்தாள். வாசனைக்கே ராணி எழுந்து வந்துவிட்டாள்.

"ஒண்ணே ஒண்ணும்மா."

"ஊறட்டும் தாயி. அப்பா வாயில வச்ச பெறகுதான் ஒனக்கு. புள்ளத்தாச்சிக்கு அரைகுறையாக் குடுக்கக் கூடாது."

"அம்புட்டு நாளு நான் இருப்பனோ என்னமோ" என்று ராணி சிணுங்கினாள். என்ன பேச்சு இது என்று இன்னாசியம்மாள் அவள் வாயில் லேசாக ஓர் அடி வைத்தாள்.

ஜாடி திறந்த அன்று காலை ஸ்தனிஸ்லாஸ் வட்டிலில் பழைய சோற்றைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். முதல் கரண்டி விழுந்தது. ஒன்றை எடுத்துக் கடித்தார். மென்றார். தலை ஆடவில்லை.

"என்ன?" என்றாள்.

"உள்ளுக்குள்ள இன்னும் கசப்பு நிக்குதுடி."

அவளுக்குச் சுருக்கென்றது. இத்தனை வருசத்தில் அவர் ஒரு தடவைகூட அப்படிச் சொன்னதில்லை. "சாராயம் இல்லாம ஒங்க நாக்கு செத்துப்போச்சு. அதான் எதைத் தின்னாலும் கசக்குது" என்றாள்.

ஸ்தனிஸ்லாஸ் சிரித்தார். அவளைச் சமாதானப்படுத்த அவருக்குத் தெரிந்த வழி ஒன்றுதான். "சரி சரி, கோவிக்காத. இன்னும் கொஞ்சம் வை" என்று வட்டிலை நீட்டினார். இன்னொரு கரண்டி வாங்கிச் சோறு முழுவதையும் அதோடு தின்றார். மத்தியானத்துக்குத் தூக்குவாளியிலும் வைத்துக்கொண்டார். போகும்போது, "தின்னத் தின்ன நல்லாத்தான் இருக்கு" என்று சொல்லிவிட்டுப் போனார். ஆனால் தலையாட்டவில்லை. அதனாலேயே அவள் அன்றைக்கு ராணிக்குக் கொடுக்கவில்லை. இன்னும் நாலு நாள் ஊறட்டும் என்று ஜாடியைப் பரணில் தூக்கி வைத்தாள்.

உச்சிப் பொழுதுக்கு முன்னாலேயே மண்டி ஆள் ஒருவன் அவரைக் கைத்தாங்கலாகக் கொண்டுவந்து விட்டான். வாசலிலேயே வாந்தி எடுத்தார். கால் நிலைக்கவில்லை. இன்னாசியம்மாளுக்கு வயிற்றெரிச்சல் பற்றிக்கொண்டது. இத்தனை நாள் கட்டிக் காத்த சந்தோசம் ஒரு நொடியில் போயிற்று.

"போயிட்டீகளா? மக தலையில அடிச்சுச் சொன்ன வாக்கு அம்புட்டுத்தானா?"

"குடிக்கலடி."

"வேற எதுக்கு இப்புடி வாந்தி?"

"சத்தியமாக் குடிக்கல. நெஞ்சுக்குள்ள என்னமோ விட்டு விட்டு அடிக்குது. கண்ணு மங்குது."

"எத்தனை தடவ இதே கதையச் சொல்லீருக்கீக? ஏசுசாமி பாடுபட்ட நாளையில குடிச்சுப்புட்டு எம் மூஞ்சியிலயே பொய் சொல்றீகளா?"

ராணி குறுக்கே வந்தாள். "அம்மா, வாடையே இல்லம்மா. ஆசுபத்திரிக்குக் கூட்டிட்டுப் போவோம்."

"நீ கிட்டப் போகாத. இந்த வாடையெல்லாம் ஒனக்கு ஆகாது. செத்த நேரம் கெடக்கட்டும், தெளிஞ்சிரும்."

கட்டிலில் கொண்டுபோய்ப் போட்டுவிட்டு, கோபத்தோடு குடத்தை எடுத்துக்கொண்டு குழாயடிக்குப் போய்விட்டாள். அன்று தண்ணீர் நூலாக வந்தது. வரிசை நகரவில்லை. பக்கத்தில் நின்றவளிடம், "திரும்பக் குடிக்க ஆரம்பிச்சுட்டாரு" என்று சொல்லி அழுதாள். அவள் அடுத்தவளிடம் சொன்னாள். இன்னாசியம்மாள் குடத்தோடு திரும்புவதற்குள் தெருவுக்கே தெரிந்துவிட்டது.

வந்து பார்த்தபோது ராணி, சொன்ன பேச்சைக் கேட்காமல், வயிற்றைப் பிடித்துக்கொண்டு கட்டிலோரம் தரையில் உட்கார்ந்திருந்தாள். அப்பா கை அவள் கையில் இருந்தது. அது ஐஸாகக் குளிர்ந்திருந்தது. முகமெல்லாம் வேர்வை. ரிக்சா பிடித்து ஆசுபத்திரிக்குக் கொண்டு போனார்கள். டாக்டர் நாடியைப் பிடித்துக்கொண்டே என்ன சாப்பிட்டார் என்று கேட்டார். இன்னாசியம்மாள், "குடிகாரருங்கய்யா. நல்லாக் குடிச்சிருக்காரு" என்றாள். அவர்கள் அதற்கானதைச் செய்தார்கள். பொழுது சாய்வதற்குள் ஸ்தனிஸ்லாஸ் போய்விட்டார். கடைசியாக அவர் என்னமோ சொல்ல வாயைத் திறந்தபோது அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டிருந்தாள்.

மறுநாள் அடக்கம். கல்லறையில் உபதேசியார் செபம் முடித்துவிட்டு, பலவீனத்தில் வாக்குத் தவறினவர்களையும் ஆண்டவர் மன்னிப்பார் என்று ஒரு வார்த்தை சேர்த்தார். நல்ல எண்ணத்தில்தான் சொன்னார். எல்லாரும் தலையைக் குனிந்துகொண்டார்கள். இன்னாசியம்மாளுக்கு அழுகையைவிட வெட்கம்தான் அதிகமாக வந்தது. தவக்காலத்தில் குடித்துச் செத்தவன் பெண்டாட்டி என்று இனி ஆயுசுக்கும் பேர். அந்தக் கோபம் செத்தவர் மேலேயே இருந்தது. மண்ணைப் போடும்போதுகூட, "ஒரு மூணு மாசம் பொறுக்க முடியலையா ஒனக்கு" என்று மனசுக்குள் திட்டிக்கொண்டுதான் போட்டாள்.

அதற்கடுத்த நாளும் வீட்டில் அடுப்புப் பற்றவைக்கவில்லை. சொந்தக்காரர்கள் கஞ்சி காய்ச்சிக் கொண்டுவந்தார்கள். பெண்கள் உள்ளே ஜமுக்காளத்தில் உட்கார்ந்திருந்தார்கள். இன்னாசியம்மாள் மூலையில் முக்காட்டைப் போட்டுக்கொண்டு சுவரைப் பார்த்து இருந்தாள். ராணி இரண்டு நாளாகப் பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்காததில் அவள் மாமியாருக்குக் கவலை. "வயித்துல இருக்கிற சீவனுக்காவது ரெண்டு வாய் குடி. தொட்டுக்க வெஞ்சனம் எதுவும் வேணுமா?" என்று கேட்டுக்கொண்டிருந்தாள்.

அப்போது பெரியகருப்பன் கேதம் கேட்க வந்தான். வாசலோரம் துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நின்றான்.

"அடக்கத்துக்கு வர முடியல அக்கா. தப்பா நெனச்சுக்காதீக. எங்க வீட்டுலயும் ஒரு கேடு. அய்யலூர் சந்தையில புடிச்ச கெடாக்குட்டி ரெண்டும் செத்துப்போச்சு. ரெண்டுல ஒண்ணைச் சாமிக்கு விட்டிருந்தேன்."

இன்னாசியம்மாள் முகத்தைத் திருப்பாமல், "என்ன சீக்கு?" என்றாள். கேட்க வேண்டுமே என்று கேட்டதுதான்.

"சீக்கு என்ன சீக்கு. நாந்தான் படுபாவி. பங்களா வேலிய மட்டம் வெட்டினேன். தழை நல்லா இருக்கேன்னு ஒரு கட்டு வீட்டுக்குக் கொண்டுபோய்ப் போட்டேன். அரைநாளு தாங்கல. காலு நிக்கல, நுரை தள்ளி, நெஞ்சு படபடன்னு அடிச்சு..."

"எந்த வேலிய?"

"அதான்க்கா, நீங்க காய் பறிச்சுட்டுப் போனீகளே..."

அவன் முடிக்கவில்லை. இன்னாசியம்மாள் எழுந்துவிட்டாள். முக்காடு கீழே விழுந்தது. முதலில் பரணைப் பார்த்தாள். ஜாடி அங்கே இல்லை. ராணியின் மாமியார் அதை இறக்கித் துணியை அவிழ்த்து, ஏற்கெனவே பரிமாறிவிட்டிருந்தாள். ராணியின் மடியில் கஞ்சிக் கிண்ணம். விரலில் மசாலா. வாய் அசைந்துகொண்டிருந்தது. இத்தனை நாளில் முதல்முறையாக அவள் முகத்தில் பசி தெரிந்தது.

இன்னாசியம்மாள் கிண்ணத்தை ஓங்கித் தட்டினாள். கஞ்சி சுவரெல்லாம் தெறித்தது. மகள் தாடையைப் பிடித்துத் திறந்து, விரலை உள்ளே விட்டுத் தோண்டினாள். "துப்புடி! துப்பு! துப்பித் தொலை!" ராணி மூச்சுத் திணறி இருமினாள். பெண்கள் கூச்சல் போட்டுக்கொண்டு பாய்ந்து வந்து அவள் கையைப் பிடித்தார்கள்.

"சம்பந்தி, ஒங்களுக்குப் பைத்தியமா? வயித்துப் புள்ளக்காரிய இப்புடியா..."

"எத்தனை தின்ன? சொல்லு, எத்தனை?"

"ரெண்டும்மா. மூணு இருக்கும். என்னம்மா ஆச்சு?"

எல்லாரும் அவள் வாயையே பார்த்தார்கள். ஊறுகாய் ஊசிப்போச்சு என்று சொன்னால் போதும். அந்த வார்த்தை நாக்கு நுனிவரை வந்துவிட்டது. ஊசிப்போன ஊறுகாய்க்கு யாரும் யாரையும் தப்பாகப் பேசப்போவதில்லை. ஆனால் ஆசுபத்திரியில் டாக்டர் மறுபடி என்ன சாப்பிட்டாள் என்று கேட்பார். அப்போது இன்னொரு பொய்க்கு அங்கே இடம் இல்லை. முந்தின தடவை தான் சொன்ன பதிலில்தான் ஒரு ஆள் போய்விட்டார் என்று அந்த நேரம்தான் அவளுக்கு உறைத்தது.

"அவுக குடிக்கல" என்றாள். மறுபடி சொன்னாள். "எம் புருசன் குடிக்கல. இதைத்தான் தின்னாரு. நாந்தான் ரெண்டு கரண்டி வச்சேன். கசக்குதுன்னாரு. ஒங்க நாக்கு செத்துப்போச்சுன்னேன். குடிக்கலன்னு சத்தியம் பண்ணுனாரு. நான் நம்பல. ஆசுபத்திரியிலயும் குடிச்சிருக்காருன்னு சொன்னேன். ஏங்க, ரிக்சா புடிங்க, எம் மகளைக் காப்பாத்துங்க."

பெரியகருப்பன்தான் ரிக்சாவுக்கு ஓடினான்.

ஜாடியை மடியில் வைத்துக்கொண்டு போனாள். டாக்டர் முன்னால் வைத்து, ஒன்று விடாமல் சொன்னாள். என்ன காய், எங்கே பறித்தது, எத்தனை தண்ணீர் மாற்றியது, புருசன் எவ்வளவு தின்றார், எப்படிச் செத்தார். ராணிக்கு வயிற்றைக் கழுவினார்கள், ஊசி போட்டார்கள், நாடியை விட்டு விட்டுப் பார்த்தார்கள். வயிற்றில் குழாயை வைத்துக் கேட்ட நர்சம்மா மறுபடி வைத்துக் கேட்டாள். இன்னாசியம்மாள் வராந்தாவில் முட்டிபோட்டு இருந்தாள். செபம் வாயில் வரவில்லை. என்னை எடுத்துக்கொள், அதை விடு என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்தாள். ராணி பிழைத்தாள். வயிற்றில் துடிப்பும் நின்றுவிடவில்லை.

போலீஸ் கேஸ் எதுவும் ஆகவில்லை. ஸ்தனிஸ்லாசின் தம்பி ஒருவன் இரண்டு நாள் குதித்துவிட்டு அடங்கினான். நைனா முகமது தானே வெயிலில் நின்று அந்த வேலியை வேரோடு பிடுங்கி எரிக்கச் சொன்னார். உபதேசியார் வீட்டுக்கு வந்து, வெகுநேரம் தரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்துவிட்டுப் போனார். ஞாயிற்றுக்கிழமை பூசையில் ஸ்தனிஸ்லாஸ் பேரைச் சொல்லி வேண்டிக்கொண்டார்கள். அந்த மட்டுக்கும் இன்னாசியம்மாளுக்கு ஓர் ஆறுதல்.

ஊரில் யாரும் அவளை வையவில்லை. "தெரியாம நடந்தது, நீ என்னத்தா செய்வ?" என்றுதான் எல்லாரும் சொன்னார்கள். சொன்ன வாயோடு ஊறுகாய் மட்டும் வேண்டாம் என்றார்கள். பங்களாப் பின்வாசல்களில் அவளைப் பார்த்ததும் சமையல்காரிகள் கையை ஆட்டித் திருப்பி அனுப்பினார்கள். அவளும் பிறகு போகவில்லை. கல்யாண வீடுகளில் பாத்திரம் கழுவப் போனாள். பத்துப்பாத்திரம் தேய்க்கிற கைக்கு நல்லது கெட்டது தெரிய வேண்டிய அவசியம் இல்லை.

ராணி பேறுகாலத்துக்கு மேட்டுப்பட்டியில் இருக்கவில்லை. ஆசுபத்திரியிலிருந்தே மாமியார் வடமதுரைக்குக் கூட்டிப் போய்விட்டாள். சண்டை போட்டுப் போகவில்லை. "அங்க இருந்தா அவளுக்கு அப்பா ஞாபகமாவே இருக்கும், சம்பந்தி" என்று காரணம் சொன்னாள். அது பொய்யும் இல்லை. இன்னாசியம்மாள் ஒரு பலகாரம்கூடச் செய்து அனுப்பவில்லை. பலகாரம் கட்டின பையைத் திறக்காமலேயே மாட்டுக்குப் போடுவார்கள் என்று அவளுக்குத் தெரியும்.

ஆனி மாதம் வலி கண்டு திண்டுக்கல் ஆசுபத்திரிக்கே கொண்டுவந்தார்கள். தகவல் வந்ததும் இன்னாசியம்மாள் கழுவிக்கொண்டிருந்த அண்டாவைப் போட்டுவிட்டு ஓடினாள். பெண் பிள்ளை. கறுப்பாக, முழுசாக, கத்திக்கொண்டு பிறந்திருந்தது. ஸ்தனிஸ்லாசின் நெற்றி. அதைப் பார்த்ததும் செத்தவருக்கு அழாத அழுகையெல்லாம் சேர்ந்து வந்தது. நின்றாயே தாயி, நின்றுவிட்டாயே என்று சொல்லிச் சொல்லி அழுதாள்.

மாமியார் சின்னக் கிண்ணத்தில் சீனித் தண்ணீர் கலக்கிக் கொண்டுவந்தாள். பிறந்த பிள்ளையின் நாக்கில் முதன்முதலாகத் தொட்டு வைக்கிற சேனைத் தண்ணீர் அது. யார் வைக்கிறார்களோ அவர்கள் குணம் பிள்ளைக்கு வரும் என்பார்கள். தலைப்பிள்ளைக்குத் தாய்வீட்டு மனுசிதான் வைக்க வேண்டும் என்பது அவர்கள் பக்கத்து முறை. மாமியார் முறை தெரிந்தவள். ஒரு கணம் தயங்கினாள். பிறகு கிண்ணத்தை இன்னாசியம்மாளிடம் நீட்டினாள்.

இன்னாசியம்மாள் முந்தானையில் கையைத் துடைத்தாள். போதாது என்று குழாயடிக்குப் போய் நன்றாகத் தேய்த்துக் கழுவிக்கொண்டு வந்தாள். கிண்ணத்தை வாங்கினாள். விரல் தண்ணீரைத் தொடப் போனது.

ராணி பிள்ளையை மார்போடு லேசாக இழுத்துக்கொண்டாள். வேண்டுமென்று செய்யவில்லை. கை தானாக இழுத்தது. அம்மாவின் முகத்தைப் பார்க்காமல், மெதுவாக, யாருக்கும் மனம் நோகக் கூடாது என்கிற குரலில் சொன்னாள்.

"அத்தை, நீங்களே வச்சு விட்டுருங்க."

இன்னாசியம்மாள் கிண்ணத்தைச் சம்பந்தி கையில் கொடுத்தாள். "ஆமா, நீங்களே வைங்க. அதுதான் நல்லது" என்றாள். மாமியார் விரலால் தொட்டு வைத்ததும் பிள்ளை அழுகையை நிறுத்திச் சப்புக் கொட்டியது. எல்லாரும் சிரித்தார்கள். மகள் செய்தது சரிதான் என்று இன்னாசியம்மாளுக்கும் பட்டது. தானாக இருந்தாலும் அப்படித்தான் செய்திருப்பாள். அதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை.